கெட்டுப்போன ஷாட்

“இதுல அம்மா கண்ணை மூடியிருக்காங்க. அடுத்ததைப் போடுண்ணா,” என்றாள் சிசுரு.

கடன் வாங்கிப் படமெடுத்தே காலம் தள்ளிய டைரக்டர் தெய்ஜி, வேண்டாமென்று ஒதுக்கிய காட்சிகளை ஓட்டினான்.

“இதுல வெறும் கைதான் தெரியுது. சிரிச்ச முகம் ஒண்ணுகூடவா எடுக்கல? பெரிய டைரக்டராம்!”

கடைசியில் கிடைத்தது. படக்குழுவுக்குச் சோற்று உருண்டைத் தட்டை ஏந்தி வந்தவள், கேமராவைப் பார்த்து வாய்நிறையச் சிரித்தாள். உடனே தெய்ஜியின் குரல்: “ஷாட்டைக் கெடுக்காதம்மா! தள்ளிப் போ!”

சிரிப்பு அணைந்தது. அம்மா விலகிப் போனாள்.

“அதுக்கு முன்னாடி நிறுத்துண்ணா,” என்றாள் சிசுரு.

கருப்பு ரிப்பன் கட்டிய வெறும் புகைப்படச் சட்டத்தோடு காத்திருந்த இறுதிச் சடங்குக்காரர் எட்டிப் பார்த்தார்.

“நல்ல முகம். யாரைப் பாத்து இவ்வளவு சந்தோஷமாச் சிரிக்கிறாங்க?”

“என்னைத்தான்,” என்றான் தெய்ஜி.