பத்து மீட்டருக்குள்

“இந்த மாசத்தோட வீட்டைக் காலி பண்ணிடுங்க தம்பி” என்றார் வீட்டுக்காரர்.

மாடியில் குடியிருக்கும் லேப் டெக்னீஷியன் வேலைக்குக் கிளம்பி, படிக்கட்டின் கீழே ஷூ மாட்டிக்கொண்டிருந்தார்.

“என்ன சார் ஆச்சு?”

“தோட்டத்து லைட்டை என் ஃபோன்ல இருந்து புளூடூத்லதான் போடறேன். தினம் சாயங்காலம் ஆறரை ஆனா என் பேச்சைக் கேக்க மாட்டேங்குது. ‘வேறு ஃபோன் இணைப்பில் உள்ளது’ன்னு எனக்கே பாடம் நடத்துது.”

“அது வந்து சார்…”

“பத்து மீட்டர் தாண்டினா அது வேலை செய்யாது. இந்தப் பக்கம் காலி மனை, அந்தப் பக்கம் ரோடு. உங்களை விட்டா யாரு?”

டெக்னீஷியன் வாசலில் நின்ற வீட்டுக்காரரின் மனைவியைப் பார்த்தார். அவள் தரையைப் பார்த்தாள்.

“என் ஃபோன்தான் சார். தெரியாம கனெக்ட் ஆகியிருக்கும்.”

“குடி வந்து மூணு மாசமாவா தெரியாம?”

“அந்தத் தம்பி நல்ல பிள்ளைங்க. இதுக்குப் போயி…” என்றாள் மனைவி.

“நீ சும்மா இரு. இன்னிக்கு லைட்டு, நாளைக்கு வீடு.”

அன்று மாலை எலக்ட்ரீஷியனை வரவழைத்தார். அவர் வந்தபோது ஆறே முக்கால். மனைவி காய்ந்த துணி எடுக்க மாடிக்குப் போயிருந்தாள். தினமும் அந்த நேரத்துக்குத்தான் போவாள். நாலு துணி எடுக்க முக்கால் மணி நேரம் ஆகும்.

எலக்ட்ரீஷியன் வீட்டுக்காரரின் ஃபோனை வாங்கி, லைட்டோடு இணைத்த ஃபோன்களின் பட்டியலைப் பார்த்தார்.

“மாடிக்காரர் ஃபோன் இதுல இல்லவே இல்ல சார். மொத்தமே ரெண்டுதான். ஒண்ணு உங்களது. இன்னொண்ணு லைட்டு மாட்டின அன்னிக்கே சேத்தது. பக்கத்துல வந்தா தானா ஒட்டிக்கும். பேரு ‘நெட்டையன்’னு இருக்கு.”



நெட்டையன் வீட்டுக்காரரின் ஒரே மகன். அந்த லைட்டுகளை மாட்டியதும் அவன்தான். சொல்லாமல் கல்யாணம் செய்துகொண்டான் என்று, ‘இனி என் வாசப்படியை மிதிக்காதே’ எனச் சொல்லி அனுப்பி எட்டு மாதம் ஆகிறது. அவனும் மிதிக்கவில்லை. மாடிப்படி வீட்டுக்கு வெளியே இருக்கிறது.

மேலே மனைவி சிரிப்பது கேட்டது. கூடவே இன்னொரு சிரிப்பும்.

“இப்பக்கூட அந்த ஃபோன்தான் சார் இணைப்புல இருக்கு. அழிச்சிடட்டுமா?”

“அழிச்சா?”

“அப்புறம் அது பக்கத்துல வந்தாலும் உங்களுக்குக் காட்டாது.”

வீட்டுக்காரர் ஃபோனைத் திரும்ப வாங்கிச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டார்.

“வேணாம். இருக்கட்டும்.”

எலக்ட்ரீஷியன் போன பிறகு டெக்னீஷியன் இறங்கி வந்தார்.

“மாசக் கடைசில காலி பண்ணிடறேன் சார்.”

“எதுக்கு? லைட்டுலதான் கோளாறாம். சரி பண்ணவே முடியாதுன்னுட்டாரு.”