குழிப் பொத்தான்

“அழுத்துறாரு, சத்தம் வரலையே. காத்தை அனுப்பேன்டா,” என்றது அக்கார்டியனின் வலப்பக்கத்து வெள்ளைக் கட்டை.

“நானா அனுப்புறேன்? துருத்தியை இழுக்குறது அவரோட இடக்கை,” என்றது இடப்பக்கத்துப் பொத்தான். அந்தப் பக்கத்துப் பொத்தான்களை வாசிப்பவரால் பார்க்க முடியாது. விரல் தடவிக் கண்டுபிடிக்க இதன் தலையில் மட்டும் ஒரு சிறு குழி. பக்கவாதம் வந்து, வாசிக்கிற மரியதாஸின் இடக்கை விழுந்ததிலிருந்து அந்தக் குழிக்கு விரல் வரவில்லை.

“பாட்டே நான்தான், நீ வெறும் தாளம்னு சொல்லுவியே. இப்பப் பாடு.”

கட்டை விரலுக்கு அடியில் அமுங்கி எழுந்தது. வலக்கை மட்டும் வாசித்துக்கொண்டிருந்தது. டக், டக் என்று மரச்சத்தம் கேட்டது.

மனைவி பிலோமினா அடுப்பை அணைத்துவிட்டு வந்து அவருக்கு இடப்பக்கம் உட்கார்ந்தாள். வாருக்குள் கையை நுழைத்துத் துருத்தியை இழுத்தாள். பாட்டு வந்தது, தாளமில்லாமல்.

“நீயும் வாயேன். தனியா நல்லாவே இல்லை,” என்றது கட்டை.

“அவங்களுக்கு என்னைத் தெரியாதே.”

அவள் விரல்கள் பொத்தான்களின் மேல் ஒவ்வொன்றாக நகர்ந்தன. குழியில் பட்டதும் ஒரு விரல் நின்றது. அழுத்தவில்லை. பாட்டு முடியும்வரை அங்கேயே இருந்தது.