கொடுத்தவள் சொன்னது

"நீங்க சொன்னாதாம்மா கேட்பார். நான் சொல்லிப் பார்த்துட்டேன்" என்றார் டாக்டர் ஜெயசீலி.

முத்தாலம்மாள் மாஸ்க்கைச் சரிசெய்துகொண்டாள். தாம்பரம் மார்க்கெட்டில் மீன் கூடையைப் பக்கத்துக் கடைக்காரியிடம் ஒப்படைத்துவிட்டு, கையைச் சோப்புப் போட்டுத் தேய்த்துக் கழுவிவிட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடி வந்திருந்தாள்.

"அது இன்னா பூச்சி டாக்டரம்மா? மருந்துக்கு அடங்கவே மாட்டேங்குது."

"பூச்சி இல்லம்மா, ஈஸ்ட். ரொட்டி மாவு பொங்கறதுக்குப் போடுவாங்களே, அதுக்குச் சொந்தக்காரன்னு வச்சுக்குங்க. உங்க உடம்புல, என் உடம்புலகூட இருக்கும். சும்மா கிடக்கும். பாலகுரு புதுக் கிட்னியை உடம்பு தள்ளிவிடாம இருக்க மாத்திரை சாப்பிடறாரே, அது எதிர்ப்புச் சக்தியைக் குறைச்சிடும். உடம்பு அசந்த நேரமாப் பார்த்து ஏறிக்கிச்சு. வழக்கமான மருந்துக்கு மசியல. பெரிய மருந்தை ஏத்தினா குளிர் வந்து ஆளையே தூக்கிப் போடுது. இப்ப அந்தக் கிட்னியிலேயே கூடு கட்டிடுச்சு. அதை எடுத்துட்டா காப்பாத்திடலாம்னு நம்பறேன். மறுபடியும் டயாலிசிஸ்தான். ஆனா உயிர் இருக்கும்."

"எடுக்கலன்னா?"

டாக்டர் கதவைத் திறந்துவிட்டார்.

கழுத்துவரை போர்வையோடு படுத்திருந்தான் பாலகுரு. கிட்னி மாற்றியபின் சோழிங்கநல்லூர் கம்பெனி வேலைக்குத் திரும்பி, கன்னமெல்லாம் உப்பி நன்றாகத்தான் இருந்தான். இப்போது எலும்பும் தோலுமாகக் கிடந்தான். அவளைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது.

"வாங்கம்மா. டாக்டர் கூப்பிட்டாங்களா?"

படித்த பிள்ளை. அவளிடம் 'நீங்க' என்றுதான் பேசுவான்.

அவள் பக்கத்தில் உட்கார்ந்து, போர்வைக்குள் கைவிட்டு அவன் அடிவயிற்றின் வலப்பக்கம் வைத்தாள். புதுக் கிட்னியை அங்கேதான் வைத்திருந்தார்கள். தோலுக்கு அடியில் கைக்குத் தட்டுப்படும்.

"சூடா கீது கண்ணு."

"அதை விடுங்க. ஏரி மீன் கதை சொல்லுங்க."

"நூறு தபா கேட்டாச்சு."

"இன்னொரு தடவை."

முத்தாலம்மாளுக்கும் அந்தக் கதை என்றால் முகம் மாறிவிடும்.

"அப்ப ஏழு வயசு. பள்ளிக்கூடம் லீவு. கானத்தூர்லேர்ந்து கூடையத் தூக்கிகினு நான் பஸ் ஏறினா, புள்ளையும் பின்னாலயே ஏறிக்கும். மீன் கவுச்சி, பின்னாடி போங்கன்னு கண்டக்டரு கத்துவாரு. புள்ள மட்டும் டிரைவர் பக்கத்துல போய்க் குந்திக்கினு, 'நான் மீன் இல்லியே'ங்கும்."

பாலகுரு கண்ணை மூடிக்கொண்டு சிரித்தான்.

"அன்னைக்கு மார்க்கெட்ல திடீர்னு ஆளக் காணோம். பசங்களோட பீர்க்கன்கரணை ஏரிக்குப் போயிட்டு, சாயங்காலம் ஈர டவுசரோட வந்து நிக்குது. கையில உள்ளங்கை அகலத்துக்கு ஒரு ஜிலேபி மீனு. எனக்குத் தெரியாம கூடையில சங்கரா மீனுக்கு நடுவுல சொருகி வச்சிருச்சு. ஒரு பாய் வூட்டம்மா வந்து கரெக்டா அதையே எடுத்து, 'இது இன்னா மீனு'ன்றாங்க. நான் முழிக்கிறேன். புள்ள சொல்லுது, 'அக்கா, அது ஏரி மீனு, நான் புடிச்சது. வேணான்னா குடுத்துருங்க, திருப்பி வுட்டுட்டு வந்துர்றேன்.' அந்தம்மா சிரிச்சு சிரிச்சு, அத மட்டும் வாங்கிகினு போச்சு."

அவன் சிரிப்பு இருமலில் போய் முடிந்தது. நெஞ்சைத் தடவிவிட்டாள்.

"எடுக்கச் சொல்லிடு கண்ணு."

"எப்படிம்மா? நீங்க குடுத்தது. அதைக் குப்பையில போடச் சொல்றீங்களா?"

"குடுத்தவ நான்தான சொல்றேன்?"

"அது ஒரு குறையும் வைக்கலை. எவ்வளவு நல்லா வேலை செஞ்சுது. எனக்குத்தான் பத்திரமா வச்சுக்கத் தெரியலை."

"இன்னா பேச்சு இது? வேளாவேளைக்கு மாத்திர போட்ட. சொன்ன பத்தியமெல்லாம் இருந்த. இதுக்கு மேல இன்னா செய்வ?"

கீழே ரயில் ஒன்று தாம்பரம் பக்கமாகப் போகிற சத்தம் கேட்டது.  அது ஓய்ந்ததும் அவன் கூரையைப் பார்த்தபடியே கேட்டான்.

"அதை எடுத்துட்டா, அப்புறமும் என்னைப் பார்க்க வருவீங்களா?"

முத்தாலம்மாள் அவன் பக்கம் குனிந்தாள்.

"அதப் பாக்கவா பஸ் ஏறி வந்துகினு கீறேன்? ஒன்னப் பாக்க வர்றேன். ஒனக்கு ஒண்ணு ஆயிட்டா, நான் யாருகிட்ட போய் இந்தக் கதையெல்லாம் சொல்றது?"

அவன் முகத்தை அவள் பக்கம் திருப்பினான்.

"சரிம்மா. டாக்டர்கிட்ட சொல்லிடுங்க."

அவள் தலையாட்டினாள். ஆனால் உடனே எழுந்திருக்கவில்லை. போர்வைக்குள் இருந்த கையை இன்னும் கொஞ்சம் அழுத்தி, அப்படியே வைத்திருந்தாள். பிறகு மெல்ல எடுத்துக்கொண்டு வெளியே வந்தாள்.

வராந்தா பெஞ்சில் உட்கார்ந்திருந்த அபிதகுஜாம்பாள் பதறி எழுந்தாள்.

"ஒத்துக்கினான்மா" என்றாள் முத்தாலம்மாள். "உள்ள போய் ஒங்க புள்ள பக்கத்துல குந்துங்க."

அபிதகுஜாம்பாள் அவள் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டு அழுதாள். "உங்க விக்கி பைக்ல அடிபட்டுப் போன அன்னைக்கு, அந்த நிலைமையிலயும் அவன் கிட்னியை எங்களுக்குக் குடுத்தீங்க. இப்ப அதையும் எடுக்கச் சொல்லி, நீங்களே வந்து கேக்கற மாதிரி ஆயிடுச்சே."

"அழாதீங்கம்மா" என்றாள் முத்தாலம்மாள். "செத்த பெறகும் ரெண்டு வருசம், எம்புள்ள ஒங்க புள்ளைக்குள்ள உசுரோட இருந்தான். அது போதும்."