அம்மா அழும் சுருள்

அந்த அழுகைக்குப் பழைய படச்சுருள் வியாபாரி ஐயாயிரம் ரூபாய் விலை சொன்னார். மறைந்த ஊமைப்பட நடிகை ஒருத்தி நடித்ததில் மிஞ்சிய ஒரே சுருள் அது.

"குடுத்துடலாம்பா. ஒழுகுற கூரையை மாத்திடலாம்," என்றாள் நடிகையின் மகள், அவர் நீட்டிய நோட்டுக்கட்டை வாங்கிக்கொண்டே.

"கடைசியா ஒரு தடவ பாத்துக்கறேன்," என்றார் நடிகையின் கணவரான கிழவர்.

படம் சுவரில் ஓடியது. கதாநாயகன் மடியில் நடிகை அழுதபடி, உதடு துடிக்கச் செத்துக்கொண்டிருந்தாள். கிழவர் குலுங்கிச் சிரித்தார்.

"இந்தாளு வாயில வெங்காய நாத்தம் தாங்கலங்கறா!"

வியாபாரி விழித்தார். "ஊமைப்படத்துல அது எப்படிங்க கேட்டுது?"

மகள் சொன்னாள்: "அப்பாவுக்குக் காது கேக்காதுங்க, உதட்டைப் பாத்தே புரிஞ்சுக்குவார். கொட்டகையில அவர் பாப்பார்னுதான் அம்மா பேசுறாங்க."

"இப்ப 'ஒழுங்கா சாப்பிடுங்க, வந்துடறேன்'ங்கறா," என்றார் கிழவர்.

மகள் நோட்டுக்கட்டைத் திருப்பி நீட்டினாள். "கூரை இந்த மழைக்குத் தாங்கிடும்."

வியாபாரி பேரம் பேசவில்லை. பேச ஒருத்தி, கேட்க ஒருவர், கணக்கு நேராகிவிட்டது.