வில்மிங்டனுக்கு வந்த மருந்துப் பெட்டிகள்

தியாகத்தில் அமெரிக்கத் தெற்கின் வில்மிங்டன் துறைமுகத்துப் பெண்களை மிஞ்ச உலகில் ஆளில்லை. வடக்கு மாநிலங்களோடு நடக்கும் போர் முடியும்வரை சீமைத் துணியைத் தொடமாட்டோம் என்று தேவாலயத்தில் சத்தியம் செய்தவர்கள் நாங்கள். வடக்கத்திப் போர்க்கப்பல்களின் முற்றுகைக்குத் தப்பி இன்று காலை மூன்று மருந்துப் பெட்டிகளோடு ஒரு கப்பல் வந்திருக்கிறது. வீட்டில் நெய்த முரட்டுப் பாவாடை காலை அறுக்க, வெயிலில் நிற்கிறோம். எல்லோருக்கும் முன்னால் ஆர்ஃபா. காய்ச்சலில் கிடக்கும் மகனுக்குக் கொய்னா மருந்து வாங்க, காலிப் புட்டி ஒன்றை நெஞ்சோடு அணைத்திருக்கிறாள். "ஒவ்வொரு பெட்டியும் நம்ம பிள்ளைங்க உசுரு!" என்று கப்பல்கார வணிகர் பேசி முடிக்கிறார். கைதட்டுகிறோம். அவருடைய அடிமை பிரைமஸ் கடப்பாரையால் மூன்று பெட்டிகளையும் நெம்பித் திறக்கிறான். வைக்கோலுக்குள் கையை விட்டு, இறகு வைத்த நீலத் தொப்பி ஒன்றை எடுத்து வெயிலில் தூக்கிப் பிடிக்கிறான்.

"மருந்து எங்கடா?" என்கிறாள் ஆர்ஃபா.

"மூணுலயும் தொப்பிதாங்கம்மா. காய்ச்சலுக்கு ஆகாதுங்க."

வணிகர் தன் பூட்ஸைப் பார்க்கிறார். பிறகு பாதிரியாரின் மனைவி லவீனியா தொண்டையைச் செருமுகிறாள்.

"சத்தியம் துணிக்குத்தானேடி? தொப்பியப் பத்தி யாரும் சொல்லலையே."

கூட்டம் முன்னால் நகர்கிறது. ஒரு முழங்கை இடித்ததில் ஆர்ஃபாவின் புட்டி பலகைமேல் விழுந்து உருள்கிறது. அதை எடுக்கக் குனிகிறவன் பிரைமஸ் ஒருவன்தான்.

இடித்த முழங்கை என்னுடையது. நீலத் தொப்பி தலைக்குச் சற்று இறுக்கமாக இருக்கிறது.