அந்தப் பெருமூச்சு

"மறைக்காதேம்மா. அந்தப் படத்துல பேசினது நீதானே?"

அம்மாவின் கையிலிருந்த இஸ்திரிப் பெட்டி சட்டைக் காலரிலேயே நின்றது. மகளிடம் மட்டும் முப்பது வருஷமாக முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்தாயிற்று. இனி முடியாது.

"யார் சொன்னா?"

"டைரக்டரே சொன்னாரு. எங்க காலேஜ் படவிழாவுக்கு வந்திருந்தாரு. யார் குரல்னு கேட்டேன். உன் பேரைச் சொன்னாரு."

மகள் கல்லூரியில் சினிமா பாடம் நடத்துகிறவள். அம்மாவோ ஒரு காலத்தில் காலைக்காட்சிப் படங்களின் படுக்கையறைக் காட்சிகளுக்கென்றே டப்பிங் பேசியவள். முகம் தெரியாத வேலைதானே என்று ஒப்புக்கொண்டாள். ஆனால் ஊர்வாயை மூட உலைமூடி உண்டா? அப்போது விஷயம் கசிந்த மறுநாளே, வாடகைக்கு விட்டிருந்த வீட்டுச் சொந்தக்காரர் சட்டி பானைகளைத் தெருவில் தூக்கி வைத்துவிட்டார்.

"விட்டுடுடி. உன் மாமியார் வீட்டுல தெரிஞ்சா உன் வாழ்க்கை என்னாகும்?"

"மாமியார் என் பக்கத்துல உட்கார்ந்துதான் படம் பார்த்தாங்க. காலம் மாறிடுச்சும்மா. ஞாயித்துக்கிழமை உன்னை மேடையேத்தி விருது கொடுக்கப் போறாங்க. நீ சரின்னு ஒரு வார்த்தை சொல்லு."

"எதுக்கு விருது?"

"கடைசியில ஒரு பெருமூச்சு விடுவியே, அதுக்கு. ஒரு பொண்ணு தன் ஆசையைக் கூச்சமில்லாம சொன்ன முதல் குரல் அதுதான்னு நானே இருபது பக்கம் எழுதியிருக்கேன், யாருன்னு தெரியாமலே. அந்த நிமிஷம் உன் மனசுல என்னம்மா இருந்துச்சு?"

அம்மாவுக்கு அலுப்பாக இருந்தது. அன்றைக்குக் காறித் துப்பினார்கள், இன்றைக்குக் கூப்பிட்டு விருது தருகிறார்கள். இரண்டுக்கும் நடுவில் அவளை ஒரு வார்த்தை கேட்டவர்கள் இல்லை. பெற்ற மகள்தான் முதல்முதலாகக் கேட்கிறாள். அதற்காகவாவது போகலாம் என்று தோன்றியது.

"வரேன். ஆனா மேடையில ஒரு நாற்காலி போடச் சொல்லு."

"போடுவாங்கம்மா. நான் கேட்டதுக்குப் பதில் சொல்லு."

"அதான் பதில்."

அம்மா இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு மகளைப் பார்த்தாள்.

"அப்ப நீ வயித்துல எட்டு மாசம். காலையிலேருந்து நின்னுக்கிட்டே பேசினேன், கால் ரெண்டும் வீங்கிப்போச்சு. வேலை முடிஞ்சதும் யாரோ ஒரு புண்ணியவான் நாற்காலி கொண்டாந்து போட்டாரு. அப்பாடான்னு உட்கார்ந்தேன். மைக்கை அணைக்க மறந்துட்டாங்க."