ஆறிப்போன தேநீர்

"அரபா, குர்தா? ரெண்டுல ஒண்ணு சொல்லுங்க."

"கல்தேயன்னு எத்தனை தடவை சொல்றது? காதுல என்ன பஞ்சா?"

மக்கள் கணக்கெடுக்க வந்த அதிகாரி நிசார் பேனாவை மூடித் திறந்தார். "அப்படி ஒரு இனமே கணக்குல கிடையாது, பெரியவரே. மேலிடத்து உத்தரவு."

ஹொர்மிஸுக்குச் சுர்ரென்று ஏறியது. "பாபிலோனை ஆண்ட பரம்பரைய்யா நாங்க! உங்க அரபு ஆளுங்க இந்தப் பக்கம் எட்டிப் பார்க்குறதுக்கு முன்னாடியே இங்க கோதுமை விதைச்சவங்க. கணக்குல கிடையாதாம்ல!"

அவர் வாய்க்கு, வட ஈராக்கின் அந்தத் தெல்கேப் ஊரே பயப்படும். அதிலும் இன்று கல்தேயக் கிறிஸ்தவர்களின் நினிவே விரதத்தில் இரண்டாம் நாள். மூன்று நாளும் பச்சைத் தண்ணீர்கூடப் பல்லில் படக்கூடாது. காய்ந்த வயிறு அவர் கோபத்தை இன்னும் கிளறிவிட்டது.

வீட்டார் பட்டினி கிடந்தாலும் வந்தவரைச் சும்மா அனுப்ப முடியுமா? மனைவி ஷமூனி தேநீரும் பேரீச்சம்பழமும் கொண்டுவந்து வைத்தாள்.

"வேண்டாம்மா."

"ஒரு வாய் தண்ணியாவது குடிங்க தம்பி. இவ்வளவு தூரம் நடந்து வந்திருக்கீங்க."

"வேண்டாம்." நிசார் கோப்பையை மெல்லத் தள்ளி வைத்தார்.

"விடு ஷமூனி. நம்ம வீட்டுத் தண்ணி தொட்டா ஐயாவுக்குத் தீட்டு ஒட்டிக்கும்போல" என்று ஹொர்மிஸ் அரபியிலேயே குத்தினார்.

 நிசார் குரலைத் தாழ்த்தினார். "படிவத்துல இனக் கட்டம் காலியா இருந்தா உங்க பையனோட சர்க்கார் வாத்தியார் வேலை போயிடும். பிடிவாதம் பிடிக்காதீங்க."

ஷமூனி பதறிப்போய்த் தங்கள் சூரத் மொழிக்கு மாறினாள். "தோமாவோட அப்பா, புள்ளை நாயா அலைஞ்சு வாங்கின வேலை. ஒரு வார்த்தைதானே? எழுதிட்டுப் போகட்டும். நாம யாருன்னு நமக்குத் தெரியாதா?"

நாளை மோசூலில் வேலைக்குச் சேர, தோமாவின் சட்டை இஸ்திரி போட்டு ஆணியில் தொங்கிக்கொண்டிருந்தது. ஹொர்மிஸ் அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"அரபுன்னு எழுதிக்குங்க."

சொன்ன மாத்திரத்தில், செத்துப்போன அப்பாவைத் தெருவில் பார்த்து யாரோ எவரோ என்று ஒதுங்கிப் போனதுபோல அவருக்கு வலித்தது.

நிசார் எழுதி முடித்துக் காகிதங்களைப் பைக்குள் வைத்தார். ஹொர்மிஸால் அடக்க முடியவில்லை. அரபிக்காரனுக்கு எங்கே புரியப்போகிறது என்ற தைரியத்தில், முகத்தில் சிரிப்பை ஒட்டவைத்துக்கொண்டு, சூரத்திலேயே சபித்தார்.

"பெத்த தாயே உன்னைப் பார்த்து 'யாருடா நீ'ன்னு கேக்கணும். நாசமாப் போறவனே!"

ஷமூனி வாயைப் பொத்திக்கொண்டாள். நிசார் எழுந்து வாசல் வரை போனார்.  நிலையைப் பிடித்தபடி திரும்பினார்.

"எங்கம்மா எப்பவோ அப்படிக் கேட்டுட்டாங்க, மாமா" என்றார், அதே சூரத் மொழியில். "என் பேருக்கு நேரா அரபுன்னு நான் எழுதின அன்னிக்கே. தேநீரைத் தப்பா எடுத்துக்காதீங்க அத்தை, எனக்கும் இன்னிக்கு ரெண்டாம் நாள்."